ஜினெத் கொடுத்த 'லா'

தவறு என்னுடையது. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

எங்கள் தொலைக்காட்சி நிகழ்ச்சிக்கு வரும் ஒவ்வொரு இசைக் கலைஞரையும் ஒரு வாரம் முன்பே தொலைபேசியில் அழைத்து எட்டுக் கேள்விகள் கேட்பது என் வேலை. என்ன வாசிப்பீர்கள், எத்தனை நிமிடம், நாற்காலியில் உட்கார்ந்தா, நின்றுகொண்டா, உடை என்ன நிறம். வெள்ளை என்றால் கேமராக்காரர்கள் முணுமுணுப்பார்கள். ஜினெத் வோக்லனிடமும் எட்டையும் கேட்டு எழுதிக்கொண்டேன். ஒன்பதாவதாக ஒன்று கேட்க வேண்டியிருந்தது. இசைக் கல்லூரியில் ஆறு வருடம் படித்தவன் நான். எனக்கு அது தோன்றவில்லை.

1977 அக்டோபர். மாதம் ஒரு வியாழக்கிழமை, இரவு எட்டரைக்கு, பாரிஸின் கிழக்கு மேட்டில் இருந்த படப்பிடிப்புக் கூடத்திலிருந்து மூன்று மணி நேரம் நேரலை. சிறப்பு விருந்தினர் ஒருவர். மற்றவர்களை எல்லாம் அவரே தேர்ந்தெடுப்பார். அவர் யாரைக் கேட்டாலும் தொகுப்பாளர் வேண்டாம் என்று சொன்னதில்லை. நிகழ்ச்சியின் ஒரே சட்டம் அதுதான்.

அந்த மாத விருந்தினர் ஆப்பெரா பாடகி ரெஜின் பொஷார். அவர் அனுப்பிய பட்டியலில் வயலின் நால்வர் குழு ஒன்று, தத்துவப் பேராசிரியர் ஒருவர், தட்டு சுழற்றும் வித்தைக்காரர் ஒருவர். கடைசியில் ஜினெத் வோக்லன், அக்கார்டியன். பக்கத்தில் ரெஜினின் கையெழுத்தில், 'ஆர்க்கெஸ்ட்ராவோடு.' அதன் கீழே இரண்டு கோடுகள்.

ஜினெத்துக்கு ஐம்பத்தெட்டு வயது. மார்ன் ஆற்றங்கரையில் ஒரு நடனக் கூடத்தில் ஞாயிறுதோறும் வாசித்தார். முந்நூறு ஜோடிகள் ஆடும் இடம். ரெஜின் அந்தக் கூடத்தின் மேல்மாடியில் வளர்ந்தவர். மூச்சை எப்படி இழுத்து நிறுத்துவது என்று ஜினெத்தின் அக்கார்டியன் துருத்தியைக் கேட்டுத்தான் கற்றேன் என்று எல்லாப் பேட்டிகளிலும் சொல்வார். வேடிக்கைக்குச் சொல்கிறார் என்று எல்லோரும் நினைத்துக்கொள்வார்கள்.

என் எட்டுக் கேள்விகளும் முடிந்த பிறகு ஜினெத் தன் பங்குக்கு ஒன்று சொன்னார்.

"தம்பி, இருபது வருஷமா டிவிக்காரங்க என்னைக் கூப்பிடறாங்க. மத்தியான நிகழ்ச்சி. கழுத்துல சிவப்புக் கைக்குட்டை, பின்னாடி காகிதத் தோரணம். டேப் ஓடும், நான் வாசிக்கற மாதிரி துருத்தியை இழுத்துக்கிட்டு இளிக்கணும். இந்தத் தடவை நிஜமா வாசிக்கறேன், ஆர்க்கெஸ்ட்ராவோட. இல்லேன்னா நான் வரல."

அப்படியே ஆகட்டும் என்றேன். அவர் சொந்தமாகக் கட்டிய வால்ஸ் நடன இசை ஒன்றை ஆர்க்கெஸ்ட்ராவுக்கு நான்தான் எழுதினேன். பிப்ரவரியில் என் மனைவி மரியெல் இறந்தாள். அதன் பிறகு நான் எழுதிய முதல் பக்கங்கள் இவை. நன்றாக இருந்தனவா என்று தெரியவில்லை. பிழை இல்லாமல் இருந்தன.

வியாழன் பிற்பகல் ஒத்திகைக்கு ஜினெத் மெட்ரோவில் வந்தார். படிக்கட்டில் அக்கார்டியன் பெட்டியை என் கையில் கொடுத்தார். பன்னிரண்டு கிலோ. கருநீல உடை, கழுத்தில் ஒன்றும் இல்லை.

நீ ஆடுவாயா என்று கேட்டார். இல்லை, என் மனைவி ஆடுவாள் என்றேன்.

"அப்போ ஞாயித்துக்கிழமை கூட்டிட்டு வா."

இறந்துவிட்டாள் என்றேன். ஜினெத் இரண்டு படி ஏறினார். பிறகு, "பெட்டியைச் சாய்க்காத, உள்ள இருக்கற எஃகு நாக்கு நகர்ந்துடும்" என்றார். எட்டு மாதத்தில் ஒருவரும் எனக்கு இவ்வளவு சரியான பதில் சொன்னதில்லை.

ஆர்க்கெஸ்ட்ரா தயாராக இருந்தது. நடத்துனர் கோலைத் தூக்கினார். எட்டுத் தாள அடிகள்கூட முடியவில்லை, நிறுத்திவிட்டார். ஒரே கதவில் இரண்டு பேர் ஒரே சமயம் நுழைய முயல்வது போல இருந்தது. யாரும் தப்பாக வாசிக்கவில்லை. சுருதி சேரவில்லை.

பியானோவுக்குச் சுருதி சேர்ப்பவர் தன் கருவியோடு வந்து அளந்தார். எங்கள் ஆர்க்கெஸ்ட்ராவின் 'லா' சுரம் நொடிக்கு 442 அதிர்வு. ஜினெத்தின் 'லா' 446. நடனக் கூடத்தில் அறுநூறு பேர் காலணிகளின் சத்தத்துக்கு மேல் கேட்க வேண்டும் என்று அந்த அக்கார்டியனைச் செய்தவரே சற்று ஏற்றி வைத்திருந்தார். வயலின்காரர் முறுக்காணியைத் திருகலாம். புல்லாங்குழல்காரர் குழாயை உள்ளே தள்ளலாம். அக்கார்டியனில் அப்படி ஒன்றும் செய்ய முடியாது. அது பிறந்த சுருதியிலேயே இருக்கும்.

'உங்கள் லா எவ்வளவு?' இதுதான் நான் கேட்காத ஒன்பதாவது கேள்வி. மேடைக்கு வருகிற எவரும் ஆர்க்கெஸ்ட்ராவின் சுருதிக்கு வந்துவிடுவார்கள் என்று எங்கள் எல்லோருக்கும் ஓர் எண்ணம். எங்களுக்கு அப்படித்தான் சொல்லிக்கொடுத்திருந்தார்கள்.

இரண்டாம் வயலின் வரிசையில் யாரோ, சர்க்கஸ் வந்துவிட்டது என்றார். சிலர் சிரித்தார்கள். ஜினெத்துக்கு அது கேட்டது.

"சர்க்கஸ்ல தப்புப் பண்ணா கீழ விழுந்து சாவாங்க, முசியே. நீங்க தப்புப் பண்ணா என்ன ஆகும்?"

இப்போது மற்றவர்கள் சிரித்தார்கள். ஆனால் ஒரு மனிதர் சிரிக்கவில்லை. முதல் ஒபோ, ஃபோகோனியே. ஒபோ என்பது சீவாளி வைத்து ஊதும் கருவி. கச்சேரிக்கு முன் அதுதான் 'லா' கொடுக்கும், மற்ற எண்பது பேரும் அதற்குச் சேர்த்துக்கொள்வார்கள். சுருதி விஷயத்தில் நடத்துனர்கூட ஃபோகோனியேயிடம் மறுத்துப் பேச மாட்டார்.

"ஆர்க்கெஸ்ட்ரா 'லா'வை ஒபோகிட்டதான் வாங்கும்" என்றார் ஃபோகோனியே. "அப்படியே அக்கார்டியன்கிட்ட வாங்கணும்னாலும் எந்த 'லா'வை வாங்கறது? மதாம்கிட்ட மூணு இருக்கே."

அது உண்மைதான். அந்த வகை அக்கார்டியனில் ஒவ்வொரு கட்டைக்கும் மூன்று எஃகு நாக்குகள். வேண்டுமென்றே ஒன்றுக்கொன்று மயிரிழை விலக்கி வைத்திருப்பார்கள். அந்த மினுமினுப்புக்காகத்தான் ஜனங்கள் ஆட வருகிறார்கள்.

ஜினெத் ஒரு விசையைத் தட்டினார். இரண்டு நாக்குகள் அடங்கின. ஒற்றை 'லா' நேராக, ஆடாமல் வந்தது. அது கூடத்தின் கடைசிச் சுவர் வரை போயிற்று.

"இந்தாங்க, ஒண்ணுதான். எடுத்துக்கங்க."

ஃபோகோனியே ஒபோவை எடுக்கவில்லை.

இயக்குநர் அர்லெத் கட்டுப்பாட்டு அறையிலிருந்து இறங்கி வந்தாள். தொகுப்பாளரும் வந்தார். அர்லெத் ஒரு வழி சொன்னாள். ஜினெத் தனியாக வாசிப்பதை இப்போதே ஒலிப்பதிவு செய்வது, டேப்பின் வேகத்தைக் கொஞ்சம் குறைத்து 442-க்கு இறக்குவது, இரவில் அதை ஓடவிட்டு ஆர்க்கெஸ்ட்ரா அதனோடு வாசிப்பது. ஜினெத் விரலை அசைத்தால் போதும். முடியுமா என்று என்னைக் கேட்டாள்.

முடியும் என்றேன். கேட்ட கேள்விக்குச் சரியான விடை அது.

ஜினெத் என்னை ஒரு கணம் பார்த்தார். பிறகு தோள்வார்களைக் கழற்றினார். தன் மேல்கோட்டு எங்கே என்று கேட்டார்.

ரெஜின் ஒப்பனை பாதியில் ஓடிவந்தார். ஜினெத் போனால் தானும் போவதாகச் சொன்னார். சொன்னால் செய்யக்கூடியவர்.

"சும்மா இரு பாப்பா" என்றார் ஜினெத். "நீ பாடறதைக் கேக்க ஊரே உக்காந்திருக்கு. நீ மிரட்டி எனக்கு ஒரு இடம் வாங்கித் தந்தா, அங்க உக்காந்து நான் என்னத்தை வாசிக்கறது?"

ஏழரைக்குள் ஒரு முடிவு வேண்டும் என்றார் தொகுப்பாளர். ஆர்க்கெஸ்ட்ரா சுருதியை ஏற்றினால் ஜினெத் வாசிப்பார். இல்லையென்றால் அவருக்கு ஒதுக்கிய ஒன்பது நிமிடத்தில் வித்தைக்காரர் இன்னும் சில தட்டுகளைச் சுழற்றுவார். ஏற்றுவதா இல்லையா என்று நடத்துனரைக் கேட்டார்கள். அவர் ஃபோகோனியேயைப் பார்த்தார். அதற்குள் ஐந்தரை மணி அடித்துவிட்டது. மணி அடித்தால் ஒத்திகை முடிந்தது. இரண்டு நிமிடத்தில் மேடையில் நாற்காலிகள் மட்டும் இருந்தன.

நான் ஃபோகோனியேயின் அறைக்குப் போனேன். மேசையில் சிறிய பெட்டி ஒன்று திறந்திருந்தது. உள்ளே பஞ்சில் பத்துப் பன்னிரண்டு சீவாளிகள். அவர் கையில் கத்தி.

மதாம் வோக்லனிடம் சுருதியைக் கேட்க மறந்தது நான்தான் என்றேன்.

"ஏன் கேக்கல?"

"அவங்க நம்மகிட்ட வருவாங்கன்னு நெனச்சுட்டேன்."

"நானும் அதையேதான் நெனச்சேன்." அவர் கத்தியை வைத்தார். "இதைக் கேளு. இதெல்லாம் 442-க்குச் செதுக்கினது. 446 வேணும்னா புதுசா வெட்டணும். வெட்டின சீவாளி பழக மூணு நாள் ஆகும். நான் மூணு மணி நேரத்துல அதை வச்சு ஊதணும், பாதி நாடு பாக்கும்போது. கிறீச்சுன்னு ஒரு தடவை கத்துச்சுன்னா நாளைலேருந்து என் பேரே கிறீச்சுதான்."

நான் எழுதிய அமைப்பில் நடுவே பதினாறு அடிகள் ஒபோ தனியாக வரும். வேண்டுமானால் அதைக் கிளாரினெட்டுக்கு மாற்றிவிடுகிறேன் என்றேன்.

"அந்தப் பதினாறைத் தொட்டேன்னா உன் கையை ஒடிச்சுடுவேன்."

வாசலில் யாரோ சிரித்தார்கள். ஜினெத். மேல்கோட்டு போட்டு, கையில் பெட்டியோடு மெட்ரோவுக்குக் கிளம்பியிருந்தார். கதவு திறந்திருந்ததால் நின்றிருக்கிறார்.

"நான் ஏதோ கௌரவம்னு நெனச்சேன்" என்றார். "பயமா? பயம்னா பரவாயில்ல. உள்ள வரலாமா?"

அவர் பதிலுக்குக் காத்திருக்கவில்லை. பெட்டியைத் திறந்து உள்பையிலிருந்து எலி வாலளவு அரம் ஒன்றை எடுத்து, கத்திக்குப் பக்கத்தில் வைத்தார்.

"நானும் சீவறவதான் முசியே. உங்களுது நாணல், என்னுது எஃகு. நுனியில அரம் போட்டா சுருதி ஏறும், அடியில போட்டா இறங்கும்."

"என்னுது சீவினா இறங்கும். நுனியை வெட்டினா ஏறும்" என்றார் ஃபோகோனியே. பிறகு சட்டென்று நிமிர்ந்தார். "அப்போ நீங்களே அடியில அரம் போட்டு 442-க்கு இறங்கி வரலாமே, மதாம்?"

"வரலாமே. நானூறு நாக்கு இருக்கு. கிறிஸ்மஸுக்குள்ள முடிச்சுடுவேன். உங்களுக்கு எத்தனை?"

"ஒண்ணு."

"அப்புறம் என்ன?"

ஃபோகோனியே அன்று முதல் முறையாகச் சிரித்தார். மேசை விளக்கின் கழுத்தைப் பிடித்து என் கையில் கொடுத்தார்.

ஜினெத் கோட்டைக் கழற்றி, அக்கார்டியனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தார். விசையைத் தட்டி ஒற்றை 'லா'வைக் கொடுத்தார். ஃபோகோனியே ஒரு சீவாளியின் நுனியை வெட்டினார். அது பிளந்தது. இரண்டாவதை வெட்டி ஊதினார். ஏறியிருந்தது, போதவில்லை. இரண்டு ஓசைகளும் ஒன்றை ஒன்று இடித்து உதறிக்கொண்டிருந்தன. இன்னும் கொஞ்சம் என்றார் ஜினெத். அவர் இன்னும் கொஞ்சம் வெட்டினார். அது 446-ஐத் தாண்டிப் போய்விட்டது.

"ரொம்ப ஆசைப்பட்டுட்டீங்க."

"நீங்கதான் கொஞ்சம்னீங்க."

"நான் எஃகுக்குச் சொன்ன கொஞ்சம் அது."

மூன்றாவது சீவாளி. நான் விளக்கைப் பிடித்திருந்தேன். ஜினெத்தின் இடது கை துருத்தியை மிக மெதுவாக இழுத்தது. ஓசை ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை. ரெஜின் பேட்டிகளில் சொன்னது உண்மை என்று அப்போது தெரிந்தது. ஃபோகோனியே மயிரிழை வெட்டி ஊதுவார், நாக்கில் நனைப்பார், மறுபடி ஊதுவார். இரண்டு ஓசைகளுக்கு நடுவே இருந்த உதறல் வேகம் குறைந்தது. நொடிக்கு மூன்று, இரண்டு, ஒன்று. ஏழு இருபதுக்கு அது நின்றது. அறையில் ஒரே ஓசை இருந்தது. எது நாணல், எது எஃகு என்று எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை.

ஃபோகோனியே சீவாளியைக் கழற்றித் தனியாக ஒரு தீப்பெட்டியில் வைத்தார்.

"ஆனா ஒண்ணு, மேடையில 'லா'வை நான்தான் கொடுப்பேன்."

"தாராளமா கொடுங்க. எங்கேருந்து வாங்கினீங்கன்னு எனக்குத் தெரியும்ல."

நான் ஓடிப்போய்த் தொகுப்பாளரிடம் சொன்னேன்.

நேரலையில் என் இடம் அர்லெத்துக்குப் பக்கத்து நாற்காலி. முன்னால் இசைத்தாள், எதிரே ஆறு திரைகள். யார் எப்போது வாசிக்கப் போகிறார்கள் என்று நான் முன்கூட்டி எண்ணிச் சொல்ல வேண்டும். அர்லெத் கேமராவைக் கொண்டுபோவாள். எட்டரைக்குத் தொடங்கி எல்லாம் சரியாகப் போயிற்று. ரெஜின் பாடினார். பேராசிரியர் மகிழ்ச்சியைப் பற்றிப் பேசினார். மூன்று தட்டுகள் விழுந்தன. தொகுப்பாளர் ஜினெத்தின் பெயரைச் சொன்னார். ஜினெத் நடந்துவந்து, ஆர்க்கெஸ்ட்ராவின் முன்னால் போட்டிருந்த நாற்காலியில் உட்கார்ந்தார்.

திட்டப்படி இப்போது தொகுப்பாளர் பார்வையாளர்களிடம் ஒரு நிமிடம் பேசிக்கொண்டிருக்க, ஆர்க்கெஸ்ட்ரா கேமராவில் படாமல் சுருதியை ஏற்றிக்கொள்ள வேண்டும். சுருதி சேர்ப்பதை யாரும் தொலைக்காட்சியில் காட்டுவதில்லை.

ஃபோகோனியே எழுந்தார்.

"எங்க போறார் இவர்?" என்றாள் அர்லெத். "இது தாள்ல இருக்கா?"

"இல்ல."

அவர் புல்லாங்குழல்களைத் தாண்டி, வயோலா வரிசையைத் தாண்டி, நடத்துனருக்கு முன்னால் நடந்துபோனார். தொகுப்பாளர் பேச்சை நிறுத்திவிட்டார். ஃபோகோனியே ஜினெத்தின் நாற்காலிக்கு எதிரே நின்று தலை குனிந்தார். ஜினெத்துக்கு வைத்திருந்த ஒலிவாங்கியில் அவர் குரல் தெளிவாக விழுந்தது.

"மதாம், உங்க 'லா' வேணும்."

ஜினெத் அவரை நிமிர்ந்து பார்த்தார். கை விசையைத் தேடியது. பிறகு ஒற்றை 'லா' வந்தது. ஃபோகோனியே அதை வாங்கிக்கொண்டு, அங்கேயே நின்று ஆர்க்கெஸ்ட்ராவின் பக்கம் திரும்பிக் கொடுத்தார். முதல் வயலின்கள் எடுத்துக்கொண்டன. செல்லோக்கள், பிறகு கொம்பு வாத்தியங்கள். எண்பது பேர் ஒரு நடனக் கூடத்தின் சுருதிக்கு ஏறினார்கள். முழுதாக முக்கால் நிமிடம். நாட்டில் பாதிப் பேர் அதைப் பார்த்தார்கள்.

"விடாதீங்க" என்றேன் அர்லெத்திடம். "இரண்டாம் வயலின், மூணாவது வரிசை."

சர்க்கஸ் என்று சொன்னவர் காதைச் சாய்த்து, வெகு கவனமாக முறுக்காணியைத் திருகிக்கொண்டிருந்தார். அர்லெத் அவர் முகத்தைத் திரை நிறைய வைத்தாள்.

வால்ஸ் தொடங்கியது. ஜினெத் மூன்று நாக்குகளையும் திறந்துவிட்டார். அந்த மினுமினுப்புக்கு அடியில் ஆர்க்கெஸ்ட்ரா தரையைப் போலப் பரந்து கிடந்தது. நான் எழுதியது இதைத்தானா என்று தாளைப் பார்த்தேன். இதுதான். ஒபோவுக்கு நான்கு அடி முன்னால் எண்ணத் தொடங்கினேன். தீப்பெட்டியிலிருந்து வந்த சீவாளி. மூன்று, இரண்டு, ஒன்று. ஃபோகோனியே ஊதினார். பதினாறு அடியும் ஊதினார். ஓரிடத்திலும் பிசகவில்லை. கடைசி அடியில் தேவைக்கு மேலேயே மூச்சை நீட்டினார். ஜினெத் அவருக்காகக் காத்திருந்து பிறகு நுழைந்தார்.

முடிந்ததும் கூடம் எழுந்து நின்றது. வயலின்காரர்கள் வில்லால் தாள்தாங்கிகளைத் தட்டினார்கள். கை நிறையக் கருவி வைத்திருந்தவர்கள் காலால் தரையை உதைத்தார்கள். ஆர்க்கெஸ்ட்ரா தன் ஆள் ஒருவருக்குச் செய்யும் மரியாதை அது. பாடகர்களுக்குக்கூட எப்போதாவதுதான் கிடைக்கும். ஜினெத்துக்கு அது தெரியவில்லை. ஏன் உதைக்கிறார்கள் என்று ஃபோகோனியேயிடம் கேட்டார். ஃபோகோனியே குனிந்து விளக்கினார். ஜினெத் சிரிக்கவில்லை. இருபது வருடம் சிரிக்கச் சொல்லப்பட்டவர். முகத்தைத் துருத்தியின் மேல் கவிழ்த்து, நிமிர்ந்து, வாரைச் சரிசெய்துகொண்டார்.

"இன்னொண்ணு இருக்கு" என்றார் நடத்துனரிடம். "நோட்டு இல்ல. உங்க ஆளுங்க யார் கல்யாணத்துலயாவது இதுக்கு ஆடியிருப்பாங்க. அவங்களுக்குத் தெரியும்."

நடத்துனர் தொகுப்பாளரைப் பார்த்தார். தொகுப்பாளர் கடிகாரத்துக்கு முதுகைக் காட்டி நின்றார். நடத்துனர் கோலைத் தாள்தாங்கியில் வைத்துவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டார்.

ஜினெத் தொடங்கினார். நான்கு அடி கழித்து பெரிய வயலின் போன்ற இரட்டைபாஸை வைத்திருந்தவர் நிலத்தைத் தட்டுவது போல விரலால் தந்தியைத் தட்டத் தொடங்கினார். ரெஜின் காலணிகளை உதறிவிட்டுப் பேராசிரியரை மேடைக்கு இழுத்தார். மனிதர் நன்றாக ஆடினார். வித்தைக்காரர் தன் மனைவியோடு இறங்கினார். முன்வரிசைகள் காலியாகிக்கொண்டிருந்தன. கட்டுப்பாட்டு அறையில் சிவப்புத் தொலைபேசி அடித்தது. எங்களுக்குப் பின்னால் வர வேண்டிய செய்திப் பிரிவு. அர்லெத் அதை எடுத்து, காதில் வைக்காமல் மேசையில் வைத்தாள்.

"அடுத்து யாரு?"

"தெரியல. தாள் இல்ல."

"கண்ணு இருக்குல்ல? பாத்துச் சொல்லு."

பார்த்தேன். செல்லோ வரிசையில் ஒரு பெண் வில்லைத் தூக்கிவிட்டு, ஜினெத்தின் தோளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். தோள் இறங்கியது.

"செல்லோ. நாலாவது கேமரா."

பிறகு கொம்புகள் என்றேன். பிறகு இரண்டாம் வயலின்கள், சர்க்கஸ்காரர் முன்னால். ஃபோகோனியே உதடுகளை நனைத்துக்கொண்டு ஜினெத்தைப் பார்த்தார். ஜினெத் தாடையை அசைத்தார்.

"ஒபோ. இப்போ. ஒபோ."

"கேக்குது" என்றாள் அர்லெத், கேமராவைத் திருப்பச் சொல்லிக்கொண்டே. "பக்கத்துலதான இருக்கேன். எதுக்கு இப்படிக் கத்தற?"